தூணைக் கட்டிப்பிடித்த முக்கால் மணி நேரம்

பனிமய மாதா மேல் ஆணை, நான் பிடித்த சுக்கான் மேல் ஆணை, பெற்ற ஒரே மகன் வில்பிரட் மேல் ஆணை, இதில் ஒரு சொல் பொய் கிடையாது. உரக்கவே சொல்கிறேன், தெருவுக்கே கேட்கட்டும். கண் மேல் மட்டும் சத்தியம் பண்ண மாட்டேன், அதற்கு ஒரு காரணம் இருக்கிறது, வரும். பெயர் கஸ்பார் மிராந்தா, வயது எழுபத்து நாலு, தூத்துக்குடியில் தோணி ஓட்டிய தண்டல், அதாவது நான் சொன்ன பக்கம்தான் தோணி திரும்பும். இப்போது நானே எந்தப் பக்கமும் திரும்ப முடியாமல், என் வீட்டு நடு ஹாலில் நிற்கிற உருண்டைத் தூணை இரண்டு கையாலும் கட்டிப்பிடித்து, வலது கன்னத்தை அதில் அழுத்திக்கொண்டு நிற்கிறேன். மணி பத்து அம்பத்தஞ்சு. பதினொன்று நாற்பது வரைக்கும் விடக் கூடாது. தூணைச் சுற்றி அழகுக்கு ஒட்டுகிற ஷீட்டு இது, தேக்கு மாதிரி கோடு கோடாகப் புடைத்த பிளாஸ்டிக்கு, கல்யாண மண்டபங்களில் பார்த்திருப்பீர்கள். உள்ளே ஒரு அங்குல ஸ்பாஞ்சு, அது என் யோசனை. கடைக்காரர் சொன்னார்: "அண்ணாச்சி, பசை தடவி ஒட்டுனதும் முக்கா மணி நேரம் அமுக்கிப் பிடிக்கணும். வளைச்ச ஷீட்டு நிமிரத்தான் பாக்கும். ஒருக்க வாயப் பொளந்துச்சுன்னா அப்புறம் ஒட்டாது. ஆள் அனுப்பட்டுமா?" ஆளா? நாற்பது வருசம் கடலில் கயிறு கட்டினவனுக்கு ஒரு தூணைச் சுற்றத் தெரியாதா என்று கேட்டேன். அவர் சிரிக்காமல் ஷீட்டைச் சுருட்டிக் கொடுத்தார். சிரித்திருக்கலாம். ஏனென்றால் நேற்று அடித் துண்டையும் இடுப்புத் துண்டையும் ஒட்டி, தோணியில் மூட்டைகளை இறுக்குகிற மாதிரி கயிறு போட்டு, இடையில் கட்டையைக் கொடுத்து முறுக்கி, புயலுக்கும் அசையாத கட்டாகக் கட்டிவிட்டுப் படுத்தேன். காலையில் அவிழ்த்துப் பார்த்தால் ஷீட்டு முழுக்கக் கயிறு கடித்த தடம், சைக்கிள் டயர் ஏறிப் போன மாதிரி. தோணிக்காரனைத் தவிர வேறு எவனும் ஒரு பிளாஸ்டிக்கை அந்த இறுக்கு இறுக்க மாட்டான். கேட்டால் டிசைன் என்று சொல்லிவிடலாம். ஆனால் இந்த மூன்றாவது துண்டுக்குக் கயிறு கிடையாது. இது தலை உயரத் துண்டு. நெற்றி வந்து மோதுகிற இடம். இதற்குக் கைதான். இரண்டு விளிம்பும் சேர்கிற இடம் என் நெஞ்சுக்கு நேரே இருக்கிறது, ஷீட்டு உள்ளேயிருந்து மெல்லத் தள்ளுகிறது, மூச்சை இழுத்தால் அது கொஞ்சம் ஜெயிக்கிறது, விட்டால் நான் ஜெயிக்கிறேன். இடுப்பில் கட்டியிருக்கிற லுங்கிச் சாரத்தை அவிழ்த்துச் சுற்றிக் கட்டியிருந்தால் தடமும் விழாது, கையும் வலிக்காது என்று இப்போதுதான் தோன்றுகிறது. அவிழ்க்கக் கை வேண்டும். தவிர, பன்னிரண்டு மணிக்கு வந்துவிடுவேன் என்று மதுரையில் இறங்கி போன் பண்ணிய மகன் உள்ளே நுழையும்போது அப்பன் எந்தக் கோலத்தில் நிற்பது?

நெற்றி என்றேன். சலேத்தின் நெற்றி. சலேத்து என் பெண்சாதி, அடுப்படியில் நெத்திலிக்குத் தலை கிள்ளிக்கொண்டிருக்கிறாள், விரலாலேயே, பார்க்காமலே. சட்டியில் விழுகிற சத்தம் கேட்கிறது, சொத் சொத்தென்று, ஒரே சீராக. கண்ணுக்குள் அழுத்தம் ஏறி ஓரப் பார்வை முழுக்கப் போய்விட்டது. குழாய்க்குள்ளே கண்ணை வைத்துப் பார்க்கிற மாதிரி நேரே ஒரு வட்டம் மட்டும் மிச்சம். போனது வராது, இருக்கிறதைக் காப்பாற்றலாம் என்றார் டாக்டர், காலையும் மாலையும் சொட்டு மருந்து, நான்தான் விடுகிறேன், கை நடுங்காமல் விடுகிறேன். ஒருநாள் சோதித்துப் பார்த்தேன். அவள் பேசிக்கொண்டிருக்கும்போதே நாற்காலியை விட்டு எழுந்து சத்தமில்லாமல் அவள் பக்கவாட்டில் போய் நின்று நாக்கைத் துருத்தினேன். அவள் காலி நாற்காலி இருந்த பக்கம் பார்த்து, முருங்கைக்காய் முற்றிப் போச்சு என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். நாக்கை உள்ளே இழுக்க எனக்கு நேரமாயிற்று. தூணில் முதல் தடவை மோதியபோது சிரித்தாள். இரண்டாவது தடவை, நான் பார்த்தேனா என்று கேட்டாள், இல்லை என்றேன். மூன்றாவது தடவை புருவத்தில் நாலு தையல். அன்றைக்கு ராத்திரியே வில்பிரட் பெங்களூரிலிருந்து போனில்: "அப்பா, நடு வீட்டுல தூண வச்சிக்கிட்டு அம்மாவ எப்படி நடக்கவிடுறது? இடிக்கவும் முடியாதுங்கீய. அம்மா எங்கூட வரட்டும். அடுத்த வாரம் சனிக்கிழமைக்கு டிக்கெட் போட்டுட்டேன்." எத்தனை டிக்கெட்டுலே என்று கேட்டேன். "ரெண்டுப்பா. எனக்கும் அம்மாவுக்கும். நீங்க... பொறவு பாக்கலாம்ப்பா, வீடு சின்னது." நல்ல பிள்ளைதான். என்னிடம் பொய் சொல்லப் பழகவில்லை, அது என் வளர்ப்பில் நடந்த ஆச்சரியம். போனை வைத்த பிறகு சலேத்து, "நீங்க என்ன சொல்லுதீய?" என்றாள். "நீ என்ன சொல்லுத?" என்றேன். "தூணு நகருமா?" என்றாள். அதோடு பேச்சு முடிந்தது. நகராது. அந்தத் தூண் இல்லாவிட்டால் கூரை நம் தலையில் என்று எஞ்சினியர் சொன்னார். எஞ்சினியர் சொன்னார். அது இருக்கட்டும், இடது கை வழுக்குகிறது, விரல்களைக் கோத்துப் பிடிக்க வேண்டும். இன்றைக்குப் புதன். சனிக்கு மூன்று நாள். இந்தத் துண்டு ஒட்டிவிட்டால் தலையணையில் மோதுகிற மாதிரிதான், அவன் கட்டைவிரலால் அமுக்கிப் பார்க்கட்டும், பார்த்துவிட்டு அந்த டிக்கெட்டைக் கிழிக்கட்டும். இப்போதெல்லாம் கிழிக்க முடியாதாமே, போனுக்குள் இருக்கிறதாம். அழிக்கட்டும்.

ஜன்னல் கம்பிக்கு அந்தப் பக்கம் ஒரு தலை தெரிகிறது, எதிர் வீட்டு இஞ்ஞாசி, துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்ந்தவன், என் வயதுதான், ஆனால் எனக்கிருக்கிற பல் அவனுக்கு இல்லை. "என்னவே தண்டல், பொண்டாட்டி அடுப்படியில இருக்கும்போதே இன்னொண்ணக் கட்டிப்பிடிச்சிக்கிட்டு நிக்கீரு?" "பசை காயுதுவே." "காயட்டும், காயட்டும். பாய்மரத்தப் பிடிச்ச கையில்லா! அது எத்தன ராத்திரி, ரெண்டா?" "மூணு." "போன கிறிஸ்மஸுக்கு ரெண்டுன்னீரு." "ஒரு ராத்திரி மறந்துபோச்சு, வயசாகுதுல்லா. போவே அங்கிட்டு, சிரிச்சா ஷீட்டு விட்டுரும்." போகவில்லை, கொஞ்ச நேரம் நின்று ரசித்துவிட்டுத்தான் போனான். மினிக்காய்த் தீவுக்குத் தெற்கே புயல், தோணி நிறைய வெங்காயம், மேல்தளத்தில் ஒரு ஆள் இல்லை, நான் மட்டும் பாய்மரத்தைக் கட்டிப்பிடித்து மூன்று ராத்திரி, மூன்று பகல். குளிருக்கு ஒரு கடல் பாம்பு வந்து என் காலைச் சுற்றிக்கொண்டு தூங்கியது, நானும் உதறவில்லை, பாவம் அதுவும் உயிர்தானே. திமிங்கிலம் ஒன்று பக்கத்திலேயே வந்து கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தது, எனக்கு வெட்கமாகிவிட்டது, சட்டை இல்லை. இதை நான் ஞானஸ்நான வீட்டிலும் சொல்லியிருக்கிறேன், துக்க வீட்டிலும் சொல்லியிருக்கிறேன். துக்க வீட்டில் சிரித்துவிட்டு அப்புறம் அழுதார்கள். ஆனால் ஆணையிட்டுவிட்டேனே. உண்மை என்ன? அப்போது நான் தண்டல் இல்லை, பண்டாரி, அதாவது சமையல்காரன். புயல் இருபது நிமிஷம். அந்த இருபது நிமிஷமும் நான் தார்ப்பாய்க்கு அடியில் வெங்காய மூட்டைகளுக்கு நடுவே வாந்தி எடுத்துக்கொண்டிருந்தேன். பாய்மரத்தை யாரும் பிடிக்கவில்லை, அது தானாகவே நின்றது. பாம்பு மட்டும் உண்மை, ஆனால் அது செத்த பாம்பு. இருபது நிமிஷம். இப்போது மணி பதினொன்று பத்து. பதினைந்து நிமிஷம் ஆகியிருக்கிறது, அதற்குள் தோள்பட்டையில் யாரோ ஊசி நூல் கோத்து இழுக்கிறார்கள். விட மாட்டேன். தூணின் குளிர்ச்சி ஸ்பாஞ்சுக்கும் ஷீட்டுக்கும் அந்தப் பக்கத்திலிருந்து வருகிறதா, இல்லை எனக்குத்தான் வேர்த்துக் குளிர்கிறதா? காதை வைத்தால் உள்ளே ஓ என்று ஒரு சத்தம். தூணுக்குள் என்ன இருக்கிறது? ஜல்லியும் சிமெண்டும்தான் இருக்கிறது, ஆசீர் கொத்தனார் கலந்தது எனக்குத் தெரியாதா, பக்கத்திலேயே நின்று பார்த்தேனே, எஞ்சினியர் போன பிறகுதான்...

எஞ்சினியர் போன பிறகுதான். வந்துவிட்டது. எத்தனை தடவை வேறு பக்கம் திருப்பினாலும் அந்த இடத்திலேயே வந்து தட்டுகிறது, மணல் திட்டில் ஏறின தோணி மாதிரி. சொல்லிவிடுகிறேன், இதை மட்டும் உரக்க இல்லை, மனசுக்குள். முப்பத்தோரு வருசத்துக்கு முன்னால் இந்த வீட்டுக்குக் கூரை போட்ட அன்றைக்கு எஞ்சினியர் என்ன சொன்னார் என்றால், "மிராந்தா, சுவரே தாங்கும், உள்ள ஒரு தூணும் வேண்டாம்." அவ்வளவுதான் சொன்னார், கைகுலுக்கினார், போய்விட்டார். எனக்குத்தான் வேண்டியிருந்தது. ஒருத்தன் நாலு பேரை உட்காரவைத்துக் கதை சொல்கிறான் என்றால் அவனுக்குச் சாய்ந்துகொள்ள ஒரு இடம் வேண்டாமா? பாய்மரத்தை இப்படிப் பிடித்தேன் என்று காட்ட ஒரு பாய்மரம் வேண்டாமா? ஆசீர் தகரத்தை வளைத்து அச்சு வைத்து ஊற்றிக் கொடுத்தான். மேலே கூரைக்கும் தூணுக்கும் ஒரு விரல் இடைவெளி நின்றது, கூரை முன்னாலேயே போட்டாயிற்றே. அதை மறைக்க சாந்தில் ஒரு பூ வைத்தான், எட்டு இதழ். அச்சைப் பிரித்த அன்றைக்கு சலேத்து வந்து பார்த்து, "நடு வீட்டுல இது எதுக்குங்க? கட்டில் போட எடமில்லையே" என்றாள். அவள் கேட்ட கேள்விக்கு என் வாய் பதில் சொன்னது, நான் சொல்லவில்லை, வாய் சொன்னது: இது இல்லன்னா கூரை நம்ம தலையில, எஞ்சினியர் சொல்லிட்டாரு. அவள் அண்ணாந்து கூரையைப் பார்த்தாள், தூணைத் தொட்டுக் கும்பிட்டாள். கும்பிட்டாள்! அதற்கப்புறம் எப்படிச் சொல்வது? முப்பத்தோரு வருசம் சுற்றிச் சுற்றிப் பெருக்கினாள், சுற்றி வந்து காபி கொடுத்தாள், கட்டிலைச் சுவரோரம் போட்டு ஒருக்களித்துப் படுத்தாள். ஒரு விரல் இடைவெளி. நாலு தையல். தையல் போடும்போது டாக்டரிடம், "கூரையத் தாங்குற தூணு, அத என்ன செய்ய முடியும்" என்று எனக்காகப் பேசினாள். நான் விட்டத்து விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சொல்லியிருந்தால் மறுநாளே இரண்டு ஆள் வந்து மத்தியானத்துக்குள் முடித்திருப்பார்கள். சொல்லவில்லை, ஸ்பாஞ்சு வாங்கப் போனேன். மனுசன் என்னவெல்லாம் செய்கிறான், ஒரு வாயைத் திறக்காமல் இருப்பதற்கு. சரி, செய்தாயிற்று, ஒழுங்காகச் செய்து முடிப்போம். இன்னும் இருபது நிமிஷம். ஸ்பாஞ்சு அவளைக் காப்பாற்றும், அவள் என்னோடு இருப்பாள், பொய்யும் அது பாட்டுக்கு உள்ளே இருக்கும், மேலே தேக்கு. எல்லாருக்கும் நல்லது. எல்லாருக்கும் நல்லது என்று இரண்டாவது தடவையும் சொல்லிப் பார்க்கிறேன்.

நெத்திலிச் சத்தம் நின்றுவிட்டது. வருகிறாள். கை முன்னால் வருகிறது, அப்புறம் அவள். அந்தக் கையை நான் இத்தனை நாள் சரியாகப் பார்த்ததில்லை, உள்ளங்கை மேலே பார்த்து, விரல் கொஞ்சம் மடங்கி, காற்றில் எதையோ கேட்டுக்கொண்டு வருகிறது. மீன் கழுவின ஈரம். என் முதுகில் வந்து தட்டியது. "யாரு, தூணா நீங்களா?" "நான்தான்." "தூணு எங்க?" "எனக்கு முன்னால." "இன்னுமா பிடிச்சிட்டு நிக்கீய? மோர் தரட்டா?" "கை காலியில்லளா." போனாள், சுவரைப் பிடித்துப் போனாள், டம்ளரோடு திரும்பி வந்தாள். என் தோளைத் தொட்டு, கழுத்தைத் தொட்டு, தாடையைத் தொட்டு, வாய் எங்கே என்று கண்டுபிடித்து டம்ளரை வைத்தாள். பாதி உள்ளே போயிற்று, பாதி பனியனுக்குள் போயிற்று. சிரித்தாள். "என்ன கலரு?" "தேக்குக் கலரு." "நல்லாத்தான் இருக்கும்" என்றாள். இருக்கு என்று சொல்லவில்லை, இருக்கும் என்றாள். முந்தானையால் என் கழுத்தைத் துடைத்தாள். துடைக்கும்போது அவள் முகம் எனக்கு ஒரு சாண் தூரத்தில், புருவத்தில் தையல் பிரித்த இடத்தில் முடி முளைக்காமல் ஒரு வெள்ளைக் கோடு. நான் இல்லாத இடத்தில் இவள் சுவர் தடவி நடப்பாள், பெங்களூரில், லிஃப்டில், யாரோ ஒருத்தி கையைப் பிடித்துக்கொண்டு. நான் இங்கே சாய்ந்துகொண்டு நிற்பேன், கேட்க ஆளில்லாமல், திமிங்கிலம், பாம்பு. மணி பதினொன்று இருபத்தெட்டு. கை மரத்துவிட்டது, மரத்தது நல்லதுதான், இனி வலிக்காது, இனி என்னை வெட்டினாலும் இது விடாது.

வில்பிரட் பன்னிரண்டு வரைக்கும் காத்திருக்கவில்லை, நாற்பதுக்கு இரண்டு நிமிஷம் இருக்கும்போதே வந்துவிட்டான். பையை வாசலில் வைத்துவிட்டு, "அப்பா, என்னப்பா இது?" என்றான். "ரெண்டு நிமிஷம் பொறுலே, பேச்சுக் குடுக்காத" என்றேன். இரண்டு பேரும் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றோம். பதினொன்று நாற்பது. ஒவ்வொரு விரலாகப் பிரித்தேன். ஷீட்டு நின்றது. வாயைத் திறக்கவில்லை. ஆணையிட்டுச் சொல்கிறேன், ஒரு மயிரிழை கூடத் திறக்கவில்லை. வில்பிரட் அமுக்கிப் பார்த்தான், குனிந்து கயிற்றுத் தடத்தைத் தடவி, "டிசைனாப்பா?" என்றான், "டிசைன்தான்" என்றேன். "நல்லா இருக்குப்பா. மெத்துன்னு இருக்கு. அம்மா, இனி மோதுனாலும் அடிபடாதும்மா. அப்பா சாதிச்சிட்டாரு. டிக்கெட்ட என்ன செய்யட்டும்?" நான் ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். சலேத்து அடுப்படி நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "அடிபடாது சரி மக்கா" என்றாள். "எனக்கு அடிக்கெல்லாம் பயமில்ல. இந்த ஹாலுக்குள்ள கால வைக்கும்போதெல்லாம் அது எங்கன நிக்குதுன்னு நெஞ்சு அடிச்சிக்கிடுது. சொந்த வீட்டுல பிச்சைக்காரி மாதிரி கைய நீட்டிட்டு நடக்கேன். மெத்த வச்சாலும் அது நிக்கத்தான செய்யும். நான் உங்கூடயே வந்துருதேன்." அவள் அழவில்லை. அழுதிருந்தால் ஒரு கதை சொல்லி நிறுத்தியிருப்பேன். எனக்கு அந்த நேரத்தில் ஒரு கதையும் வரவில்லை. "அந்தத் தூணு எதையும் தாங்கல" என்றேன். வில்பிரட் சிரித்தான். "அப்பா, இப்ப வேண்டாம்ப்பா." "தாங்கலலே. எஞ்சினியர் அப்படிச் சொல்லவே இல்ல. கத சொல்லும்போது சாயுறதுக்கு நான்தான் வச்சேன்." "அம்மாவ நிறுத்தணும்னு வீட்டையே இடிக்கப் பாக்கீயளா? நாளைக்கு ஒரு பாம்பு வந்து கூரையத் தாங்கும்பீய." நியாயம்தானே, அவன் வேறு என்ன நினைப்பான்? மூன்று ராத்திரியையும் அவனைத் தூங்கவைக்கச் சொன்னவன் நான். அப்போது சலேத்து, "இரு வில்பிரட்டு" என்றாள். "உங்கப்பாவுக்குப் பொய் சொல்லும்போது குரல் நெய் விட்ட மாதிரி வரும். இப்ப கரகரங்குது. இவரு உண்மைதான் சொல்லுதாரு." வில்பிரட் அம்மாவைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏறினான். நான் பசை இழுக்கிற தகட்டைக் கொடுத்தேன். சாந்துப் பூவின் ஒரு இதழைத் தட்டினான், உதிர்ந்தது. தகட்டை உள்ளே விட்டான். பிடிவரைக்கும் போயிற்று. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இழுத்தான், ரம்பம் மாதிரி, எதிலும் தட்டாமல் போயிற்று, வந்தது. தூசி கொட்டியது. ஸ்டூலிலிருந்து இறங்காமலே, "அம்மா, காத்து வருதும்மா" என்றான்.

சலேத்து நிலையை விட்டு வந்து தூணில் உள்ளங்கையை வைத்தாள். அந்தக் கைதான் நான் கடலில் கண்ட எல்லாவற்றையும் விடப் பெரியது, இதற்கு ஆணை தேவையில்லை. "முப்பத்தோரு வருசம்" என்றாள். "தொட்டுக் கும்பிட்டேனே." "கும்பிட்ட" என்றேன். "வில்பிரட்டு, அந்த டிக்கெட்டுல ஒண்ண அழிச்சிரு. நீ மட்டும் போ. ஒரு எஞ்சினியரக் கூட்டியாந்து காட்டிட்டுப் போ, இவரு பேச்ச நம்பி எதையும் உடைக்காத. பொறவு சுத்தியல எங்கிட்ட குடு. முத அடி என்னோடது. கண்ணு தெரியாட்டியும் இத மட்டும் தப்ப மாட்டேன்." சாயங்காலம் நாலு மணிக்கு எஞ்சினியர் வந்தார், புது ஆள், சின்னப் பையன் முகம், அண்ணாந்து பார்த்தார், சுவரைத் தட்டினார், "தாராளமா எடுங்க" என்றார், என்னை ஒரு மாதிரி பார்த்தார். சலேத்து இரண்டு கையாலும் சுத்தியலை ஓங்கி அடித்தாள். நேரே தலை உயரத்தில்தான் விழுந்தது. விழுந்து, ஸ்பாஞ்சில் பட்டு, பந்து மாதிரி திரும்பி வந்தது. "என்னங்க இது, மெத்தையில அடிக்க மாதிரி இருக்கு, முதல்ல இந்தக் கண்றாவியப் பிச்செறியுங்க" என்றாள். வில்பிரட் பிய்த்துப் பார்த்தான், நான் பிய்த்துப் பார்த்தேன், எதிர்வீட்டிலிருந்து இஞ்ஞாசி வந்து தூணில் காலை ஊன்றிக்கொண்டு இழுத்துப் பார்த்தான். கயிறு கட்டி ஒட்டின துண்டுகள் இரண்டும் சொன்ன பேச்சைக் கேட்டு வந்துவிட்டன. நான் கட்டிப்பிடித்த துண்டு வரவில்லை. கத்தியால் கீறிக் கீறி எடுக்க விளக்கு வைக்கிற நேரமாகிவிட்டது, நான் அவமானத்தோடு ஓரமாக நின்றேன், ஆனால் உள்ளுக்குள், மறைக்க மாட்டேன், கொஞ்சம் நிமிர்ந்துதான் நின்றேன். மறுநாள் இரண்டு ஆள் வந்து மத்தியானத்துக்குள் தூணை உடைத்து அள்ளிவிட்டார்கள். இப்போது ஹாலில் ஒன்றுமில்லை. சலேத்து கையைக் கீழே தொங்கவிட்டுக்கொண்டு நடந்து பார்க்கிறாள், வாசலிலிருந்து அடுப்படிக்கு, அடுப்படியிலிருந்து வாசலுக்கு, ஐந்தாவது தடவை. அந்தச் சுத்தியல் அடிக்கு அப்புறம் என்னோடு பேசவில்லை. பேசுவாள். தெருவில் கேட்கிறவர்களுக்கு நான் சொல்லியிருப்பது வேறு: வீடு முப்பது வருசத்தில் உரம் ஏறி, தானாகவே அரை அங்குலம் உயர்ந்து தூணை விட்டுவிட்டது, புது எஞ்சினியரே அதிசயப்பட்டார் என்று. பாதித் தெரு நம்பிவிட்டது, இஞ்ஞாசியைக் கூட எப்படியோ வாயை மூட வைத்துவிட்டேன். அதனால் தயவுசெய்து, இந்த ஒரு விரல் இடைவெளி சமாச்சாரம் உங்களுக்கு எப்படித் தெரிந்தது என்று யாராவது கேட்டால், ஆசீர் கொத்தனார் சொன்னார் என்று சொல்லுங்கள், அவர் கோபித்துக்கொள்ள மாட்டார், செத்துப் பத்து வருசமாகிறது. என் பெயர் மட்டும் வெளியே வர வேண்டாம்.